வாக்குத் தவறாத பசுவும் அஞ்சி நின்ற பாம்பும்: புதுக்கோட்டைக் கலையில் மனித மனம் கொண்ட விலங்குகள்

மனித உடலில் விலங்கின் தலை, விலங்கின் உடலில் மனித முகம், உருவத்தில் முழு விலங்காக இருந்தும் நடத்தையில் மனிதரை ஒத்த உயிர். இந்த மூன்று வகை உருவங்களும் புதுக்கோட்டை மாவட்டத்தில் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாகக் கல்லிலும் வண்ணத்திலும் சுடுமண்ணிலும் படைக்கப்பட்டு வந்திருக்கின்றன. குடைவரைகள், நாயக்கர் காலத் தூண்கள், திருவிழா வாகனங்கள், ஊர் எல்லை அய்யனார் கோயில்கள் என்று எங்கே போனாலும் அவற்றின் பார்வை நம்மேல் விழுகிறது. முதலில் ஒரு கலக்கம் வருகிறது. அடுத்த நொடி கைகள் தாமாகக் குவிகின்றன. இவற்றின் காலம், அரச மரபு, சிற்ப இலக்கணம் பற்றி நிறைய எழுதியாகிவிட்டது. அந்தக் கலக்கம் எங்கிருந்து வருகிறது, கலைஞர்கள் அதை ஏன் அழிக்காமல் விட்டார்கள் என்ற கேள்வி மட்டும் ஓரமாகவே நின்றுவிட்டது. இக்கட்டுரை அந்தக் கேள்வியை எடுத்துக்கொள்கிறது.

தம்பெரேயின் பாம்பும் திருமயத்தின் பாம்பும்

ஒப்பீட்டுக்குப் பின்லாந்து நாட்டின் தம்பெரே நகரத்திலிருந்து தொடங்கலாம். 1951-ல் அங்கே பிறந்த ஓவியர் காய் ஸ்டென்வால், 1980களின் இறுதியிலிருந்து ஒரு வாத்தையே திரும்பத் திரும்ப வரைந்து பெயர் பெற்றவர். கேலிச்சித்திர உலகின் டொனால்ட் டக் சாயல் கொண்ட வாத்து அது. ஆனால் அது நம்மைச் சிரிக்க வைப்பதற்காக வரவில்லை. பழைய ஐரோப்பிய ஓவிய மேதைகள் மனிதரை நிறுத்திய இடங்களில், அதே வெளிச்சத்தில், மனிதத் துயரத்தோடு நிற்கிறது. அந்த அலகுக்குப் பின்னால் இருக்கும் தனிமை நம்முடையது என்று தெரியும்போதுதான் மனம் கலங்குகிறது.

அதே நகரத்துப் பேராலயத்தில் இன்னொரு ஓவியம் உண்டு. 1907-ல் கட்டி முடிக்கப்பட்ட அந்தத் தேவாலயத்துக்குச் சுவரோவியங்கள் தீட்டியவர் ஹூகோ சிம்பெர்க் (1873–1917). உள்கூரையின் உச்சியில், சிறகுகள் சூழ்ந்த வட்டத்துக்கு நடுவே, வாயில் ஆப்பிளைக் கவ்விய பாம்பை அவர் வரைந்தார். பாவத்தின் குறியை வழிபாட்டு இடத்தின் உச்சியில் வைத்தது அந்நாளில் கடும் எதிர்ப்பைக் கிளப்பியது.

இனித் திருமயத்துக்கு வருவோம். சத்தியமூர்த்திப் பெருமாள் கோயில் குடைவரையில், பாறையிலேயே பெரிதாகச் செதுக்கப்பட்ட அனந்தசயனம் இருக்கிறது. பெருமாள் பள்ளிகொண்டிருக்கிறார், மது, கைடபன் என்னும் அசுரர்கள் தேவியரை நாடி வருகிறார்கள். ஆதிசேடன் தலைவனை எழுப்பவில்லை. தன் நச்சுமூச்சால் தானே அவர்களை விரட்டிவிடுகிறான். விரட்டியபின் அவனுக்கு அச்சம் வருகிறது: கேளாமல் செய்துவிட்டோமே, தவறாகிவிடுமோ? பெருமாள் கண்விழித்து, நீ செய்தது சரி என்று தேற்றுகிறார். பெருமாளின் கை பாம்பின் படத்தை நோக்கி நீண்டிருப்பதை, அந்தத் தேறுதலின் அடையாளமாகவே ஊரார் காட்டுவார்கள்.

தம்பெரேயின் பாம்பு மனிதரைச் சோதிக்க வந்தது. திருமயத்தின் பாம்பு தன்னையே சோதித்துக்கொள்கிறது. கடமையைச் செய்துவிட்டு, அதற்கு நமக்கு உரிமை உண்டா என்று தயங்கும் மனச்சாட்சி அதற்கு இருக்கிறது. புதுக்கோட்டையின் விலங்குருவங்களைப் புரிந்துகொள்ள இந்த வேறுபாடே திறவுகோல் என்பது என் வாதம்.

கலப்பு இல்லாத குளம்

எல்லாப் படைப்பிலும் இந்தக் கலப்பு இருந்ததில்லை. சித்தன்னவாசல் அறிவர் கோயிலின் விதான ஓவியம் அதற்குச் சான்று. தாமரைக்குளத்தில் மீன்கள், அன்னங்கள், யானைகள், எருமைகள். அவற்றுக்கு இடையே மனிதர்கள் இறங்கிப் பூப்பறிக்கிறார்கள். யானை யானையாகவே இருக்கிறது, மனிதன் மனிதனாகவே இருக்கிறான். ஒன்றை ஒன்று அஞ்சவில்லை, ஒன்று மற்றொன்றாக மாறவும் இல்லை. பாண்டியன் ஸ்ரீமாற ஸ்ரீவல்லபன் காலத்தில், 9-ஆம் நூற்றாண்டில், மதுரை ஆசிரியர் இளங்கௌதமன் இக்கோயிலைப் புதுப்பித்ததை இங்குள்ள கல்வெட்டு சொல்கிறது. எல்லா உயிர்களையும் ஒரே நிரையில் வைத்த சமண நோக்கில், விலங்குக்கு மதிப்புத் தர அதன்மேல் மனித முகத்தைப் பொருத்த வேண்டிய தேவை எழவில்லை.

தமிழ் மரபு இந்த நிரையை வெகுமுன்பே எண்ணிப் பார்த்திருக்கிறது. தொல்காப்பியத்தின் மரபியல் உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு வரை வகைப்படுத்தி, மனிதரை ஆறாவது படியில் வைக்கிறது. அதோடு கதவை மூடிவிடவில்லை. அந்தக் கிளையில் பிறந்த பிறவும் உண்டு என்று இடம் விடுகிறது. கிளி, குரங்கு, யானை போன்றவற்றுக்கும் மனவறிவு உண்டு என்று உரை மரபு அந்த இடத்தை நிரப்பியது. நம் கலையில் அனுமனும் ஆனைமுகனும் கிளி ஏந்திய தேவியும் இவ்வளவு இயல்பாக வந்து அமர்ந்ததற்கு அந்தத் திறந்த கதவும் ஒரு காரணம்.

தலை மட்டும் விலங்கு

முதல் வகை, மனித உடலில் விலங்கின் தலை. குடுமியான்மலையில் இதன் இரு முனைகளையும் ஒரே கோயிலில் காணலாம். இசைக் கல்வெட்டால் உலகறிந்த அந்தப் பாறையில், கல்வெட்டுக்குப் பக்கத்திலேயே வலம்புரி விநாயகர் அமர்ந்திருக்கிறார். சிகாநாதர் கோயிலின் முன்மண்டபத் தூணில், நாயக்கர் காலச் சிற்பியின் உளியில் பிறந்த நரசிம்மர் இரணியனின் உடலைக் கிழிக்கிறார்.

குழந்தை உடலில் யானைத் தலை. உருவத்தை மட்டும் வைத்துப் பார்த்தால் இதைவிடக் கலக்கம் தரக்கூடிய சேர்க்கை வேறில்லை. ஆனால் தமிழ் நிலத்தில் பிள்ளையாரைக் கண்டு அஞ்சும் குழந்தை கிடையாது. தாய் இட்ட காவலை விட்டு நகர மறுத்து, அதற்காகத் தலையையே இழந்த பிள்ளையின் கதை அந்த முகத்தோடு சேர்ந்தே நமக்கு ஊட்டப்படுகிறது. பழக்கமும் உறவும் சேர்ந்தால் கலக்கம் கரைந்து அன்பாகிவிடுகிறது.

நரசிம்மரிடம் அது கரைவதில்லை, கரையவும் கூடாது. மனிதனாலும் விலங்காலும் சாவில்லை என்று வரம் பெற்றவனை, வரத்தின் சொற்களை மீறாமலே முடிப்பதற்காக எடுத்த உருவம் அது. கொடுத்த வரமும் பொய்க்கக் கூடாது, பக்தனுக்குச் சொன்ன சொல்லும் பொய்க்கக் கூடாது. சிங்கத் தலைக்கும் மனித உடலுக்கும் இடையிலுள்ள அந்தக் கழுத்துக்கோடு, இரண்டு வாக்குகள் சந்திக்கும் இடம். சிற்பி அங்கே முழு அழகைத் தந்து பயத்தைத் துடைத்திருந்தால் கதையே சரிந்திருக்கும்.

இதே உருவ அமைப்பு பகைவனுக்கும் உண்டு. மாமல்லபுரத்து மகிடமர்த்தினிப் புடைப்புச் சிற்பத்தில் மகிடன் மனித உடலும் எருமைத் தலையுமாக, கையில் தண்டோடு மிடுக்கு குறையாமல் நிற்கிறான். புதுக்கோட்டை மாவட்டத்தில் மலையடிப்பட்டி வாகீசர் குடைவரையிலும் கொற்றவை மகிடனோடு பொருதும் காட்சி செதுக்கப்பட்டிருக்கிறது. அடுத்துள்ள பெருமாள் குடைவரையில் அனந்தசயனமும், பிற்கால வண்ணத்தில் தசாவதாரமும் உண்டு. வழிபடப்படும் நரசிம்மரும் வதைக்கப்படும் மகிடனும் உருவ அமைப்பில் ஒருவரே: விலங்குத் தலை, மனித உடல். ஒருவரைக் கும்பிட வைப்பதும் மற்றவரை வீழ்த்த வைப்பதும் நடத்தைதான். கலப்புருவம் என்றாலே தீமை என்றோ, புனிதம் என்றோ இந்த மரபு தீர்ப்புச் சொல்வதில்லை.

முகம் மட்டும் மனிதர்

இரண்டாம் வகை, விலங்குடலில் மனித முகம். பெண் முகமும் பசுவுடலும் சிறகும் மயில்தோகையும் கொண்ட காமதேனுவைத் திருவிழா வாகனங்களிலும் நாட்காட்டிப் படங்களிலும் காணாதவர் இல்லை. இந்த வடிவம் இஸ்லாமிய மரபில் நபிகளைச் சுமந்த புராக் என்னும் ஊர்தியின் ஓவியங்களை ஒத்திருப்பதை ஆய்வாளர்கள் சுட்டியுள்ளனர். கலைஞர்களின் பட்டறையில் சமய வேலி இருந்ததில்லை என்பதற்கு இது ஓர் அழகிய குறிப்பு.

புருடாமிருகம் இன்னொரு எடுத்துக்காட்டு. மனித முகமும் விலங்குடலும் கொண்ட இது தமிழகக் கோயில்கள் பலவற்றில் தூணிலும் வாகனமாகவும் நிற்கிறது. கிரேக்க, எகிப்திய ஸ்பிங்ஸ் உருவங்களின் உறவாக இதைச் சிலர் பார்த்தார்கள். ஆனால் நம் மக்கள் இதற்குக் கொடுத்த வேலை வேறு. கன்னியாகுமரி மாவட்டத்தில் மகாசிவராத்திரி நாளில் பன்னிரண்டு சிவாலயங்களுக்கு ஓடும் சிவாலய ஓட்டம், பீமன் புருடாமிருகத்துக்கு முன் ஓடிய கதையை ஒட்டியது. பீமனின் உடலில் பாதி புருடாமிருகத்துக்குரியதா என்ற வழக்கில், சொந்தத் தம்பிக்கு எதிராகவே தருமன் தீர்ப்புச் சொன்னான் என்பது அக்கதையின் முடிவு. மனித முகம் கொண்ட அந்த விலங்கு மனிதரிடம் நீதி கேட்டு நிற்கிறது. கிரேக்கத்து ஸ்பிங்ஸ் விடுகதை போட்டது. நம் புருடாமிருகம் வழக்குத் தொடுத்தது.

முழு விலங்கு, முழு மனம்

புதுக்கோட்டையின் தனி வளம் மூன்றாம் வகையில் இருக்கிறது. இங்கே உருவத்தில் கலப்பே கிடையாது, கலப்பு மனத்தில்.

நகரை ஒட்டிய திருக்கோகர்ணமும் சற்றுத் தள்ளியுள்ள திருவேங்கைவாசலும் ஒரே கதையைப் பங்கிட்டுக்கொண்ட ஊர்கள். சாபத்தால் மண்ணுக்கு வந்த காமதேனு, காதில் கங்கைநீர் கொணர்ந்து மகிழமரத்தடிச் சிவனுக்கு முழுக்காட்டி வந்தது. ஒருநாள் சிவனே வேங்கையாக வழிமறித்தார். பூசையை முடித்துவிட்டுத் திரும்பி வந்து இரையாகிறேன் என்று பசு வாக்குக் கொடுத்தது. வேங்கை நம்பி விட்டது. பசு சொன்னபடி திரும்பி வந்தது. இன்று திருக்கோகர்ணத்தில் கோகர்ணேசுவரர், திருவேங்கைவாசலில் வியாக்கிரபுரீசுவரர். கதையில் மனிதர் ஒருவரும் இல்லை. வாக்குக் கொடுப்பது, நம்புவது, திரும்பி வருவது என்று மனித அறத்தின் மொத்தமும் ஒரு பசுவுக்கும் புலிக்கும் நடுவே நடந்து முடிகிறது. கேட்பவருக்கு உண்டாகும் கூச்சமே இதன் பயன்: அந்தப் பசுவின் இடத்தில் நான் இருந்தால் திரும்பி வந்திருப்பேனா?

ஆவுடையார்கோயில் எதிர்த்திசையிலிருந்து இதே கேள்விக்கு வருகிறது. குதிரை வாங்கப் பாண்டியன் கொடுத்தனுப்பிய பொருளை மாணிக்கவாசகர் இவ்வூரில், அன்றைய திருப்பெருந்துறையில், இறைபணிக்குச் செலவிட்டார். சிவன் நரிகளைப் பரிகளாக்கி, தானே குதிரைச் சேவகனாக மதுரைக்கு ஓட்டி வந்தார். இரவில் பரிகள் மறுபடி நரிகளாகி, இலாயத்துப் பழைய குதிரைகளைக் கடித்துவிட்டுக் காட்டுக்கு ஓடின. அந்தக் குதிரைச் சேவகனை இக்கோயில் சிற்பிகள் தூணில் நிறுத்தியிருக்கிறார்கள். கருவறையிலோ இலிங்கமே இல்லை, ஆவுடை மட்டும்; நிவேதனமாகச் செல்வது சோற்றின் ஆவி. உருவமற்ற இறைவனின் வாசலில் உருவம் மாறும் விலங்குகளின் கதை நடப்பது தற்செயலாகத் தோன்றவில்லை. கண்ணில் படும் உருவத்தை நம்பி அரசன் மகிழ்ந்தான், பிறகு சினந்தான். உருவம் அன்று முழுக்க அவனை ஏமாற்றியது.

விராலிமலையில் மயில்கள் உயிரோடு திரிகின்றன. அங்குள்ள முருகனின் ஊர்தி, கந்தபுராணக் கதைப்படி, தோற்ற சூரபன்மனின் உடற்பாதி. பகைவன் விலங்கானான், விலங்கு ஊர்தியானது, இன்று அடியார் அதையும் சேர்த்தே வணங்குகிறார்கள்.

மண்ணில் கண் திறப்பவர்கள்

கோயில் சிற்பத்தை விட்டு ஊர் எல்லைக்கு வந்தால், மண்ணில் உருவம் செய்யும் வேளார்களின் உலகம். இளங்குடிப்பட்டி, நமணசமுத்திரம் அய்யனார் கோயில்களில் சுடுமண் குதிரைகள் வரிசை வரிசையாக நிற்கின்றன. குளமங்கலம் பெருங்காரையடி மீண்ட அய்யனார் கோயிலின் குதிரை 30 அடிக்கும் மேல் உயரம்; மாசிமகத்தன்று வேண்டுதல் நிறைவேறியவர்கள் போடும் காகிதப்பூ மாலைகளில் அதன் உடம்பே மறைந்துபோகும்.

இத்தகைய சுடுமண் குதிரைகளைச் செய்து அய்யனாருக்குப் படைக்கும் புரவியெடுப்பு, ஊர்கூடி எடுக்கும் முடிவு. வேளாரிடம் பிடிமண் கொடுப்பதில் அது தொடங்குகிறது. கண்மாய்க் களிமண்ணில் மணலும் உமியும் வைக்கோலும் கலந்து மிதித்துப் பதப்படுத்துவார்கள். கால்கள் உள்ளீடற்ற குழாய்களாக முதலில் எழும்பும். அவை இறுகியபின் வயிறு, மார்பு, கழுத்து என்று மேலே ஏறும். உள்ளே வெற்றிடம் இல்லாவிட்டால் சூளையில் வெடித்துவிடும். விறகும் வரட்டியும் வைக்கோலும் அடுக்கி மண் பூசிச் சுட்டு எடுத்தபின் வண்ணம். எல்லாம் முடிந்தபின் கண் திறப்பு.

கண் திறக்கும்வரை அது மண்பாண்டம். திறந்தபின் ஊருக்கே காவல். அதனால்தான் பிதுங்கிய விழி, விரிந்த நாசி, தெரியும் பல்வரிசை. குதிரைக்குக் கண்கள் தலையின் இருபக்கமும் இருப்பவை. வேளார் செய்யும் குதிரை நம்மை நேராகப் பார்ப்பது போலவே தோன்றும். அந்த நேர்ப்பார்வையே மனிதச் சாயல். இரவில் ஊர் எல்லையைக் கடப்பவன் தன்னை ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று உணர வேண்டும். கலக்கம் இங்கே கைத்தவறு இல்லை, வேலை.

விளக்கங்களும் அவற்றின் எல்லைகளும்

இவ்வுருவங்களுக்குப் பல விளக்கங்கள் சொல்லப்படுகின்றன. குலக்குறி வழிபாட்டின் எச்சம் என்பது ஒன்று. தொடக்கத்தை அது ஓரளவு விளக்கலாம். பின்னாளில் சிற்பியும் வேளாரும் செய்த தேர்வுகளை விளக்காது. விலங்கின் அடையாளமாகத் தோன்றுவது சிலநேரம் விலங்கே அல்ல என்பதையும் மறக்கக் கூடாது. பல்லவர் குடைவரைகளின் கொம்புடைய வாயிற்காவலரை நெடுநாள் மாட்டுக்கொம்போடு தொடர்புபடுத்தினார்கள். சென்னையில் பணியாற்றிய மைக்கேல் லாக்வுட்டும் அவர் கூட்டாளிகளும் 1970களில், அவை சூலத்தின் பக்க முனைகள், அந்தக் காவலர் மனித உருவெடுத்த ஆயுதம் என்று வாதிட்டார்கள்.

உளவியல் விளக்கங்களும் உண்டு. பழகியதே அயலாகத் திரும்பும்போது எழும் கலக்கத்தைப் பற்றி சிக்மண்ட் பிராய்டு 1919-ல் எழுதினார். ஓர் உருவம் மனிதரை மிக நெருங்கி, ஆனால் முழுதாக எட்டாமல் நிற்கும்போது வெறுப்பு திடீரெனப் பெருகும் என்று ஜப்பானிய ரோபோ அறிஞர் மசாஹிரோ மோரி 1970-ல் சொன்னார். ஸ்டென்வாலின் வாத்துக்கு இவை பொருந்தலாம். பிள்ளையாரிடம் இரண்டுமே தோற்கின்றன. இரு கருத்துகளும் தனியே நின்று பார்க்கும் ஒரு மனிதனையும் ஓர் உருவத்தையும் மட்டும் கணக்கில் எடுக்கின்றன. இங்கே நடுவில் ஒரு கதை, ஒரு நேர்த்திக்கடன், ஓர் ஊர் இருக்கிறது. உறவு புகுந்ததும் அச்சம் பொறுப்பாக மாறிவிடுகிறது.

என் விளக்கத்துக்கும் எல்லை உண்டு. நார்த்தாமலையில் பன்னிரண்டு திருமால் உருவங்கள் கொண்ட குடைவரையின் முன்னுள்ள மேடையில் யானையும் யாளியும் மகரமும் துள்ளி வருகின்றன. யாளிக்கு வாக்கில்லை, வழக்கில்லை, கதையும் அநேகமாக இல்லை. அது ஆற்றலின் வடிவம் மட்டுமே. எல்லா விலங்குருவத்தையும் அறத்துக்குள் அடக்கிவிட முடியாது என்று அது நினைவூட்டுகிறது.

இருந்தாலும் பெரும்பாலான சான்றுகள் ஒரு பக்கமே சாய்கின்றன. தம்பெரேயில் மனிதரை ஒத்த விலங்கு மனிதனின் தனிமையையும் பாவத்தையும் சுமக்கிறது. புதுக்கோட்டையில் அது மனிதனின் கடமையைச் சுமக்கிறது: பசு வாக்கைக் காத்தது, பாம்பு தேவியரைக் காத்தது, குதிரை ஊரைக் காக்கிறது. நம்மைக் கலங்க வைப்பது அவற்றின் அயல்தன்மை அன்று. நாம் செய்ய வேண்டியதை அவை செய்துகொண்டிருக்கின்றன என்பதே.

இன்று செய்ய வேண்டியது

இந்தப் பார்வை இப்போது மங்கி வருகிறது. செங்காவியும் சுண்ணாம்பும் இருந்த இடத்தில் பளபளக்கும் எனாமல் பூசப்படுகிறது. சுடுமண் குதிரைக்குப் பதிலாகச் சிமெண்டுக் குதிரை நிற்கிறது. முகம் பொம்மைக் கடையின் சிரிப்புக்கு மாறுகிறது. அய்யனார் குதிரை வெயிலில் வெடித்து மழையில் கரைவது மரபுக்கு ஒத்ததுதான், ஏனெனில் அடுத்த புரவியெடுப்பில் புதிது வரும். கரைந்துபோனால் திரும்பாதது கைப்பழக்கம். சிமெண்டு ஐம்பது ஆண்டு நிற்கும். அந்த ஐம்பது ஆண்டில் வேளார் வீட்டின் இரண்டு தலைமுறை தொழிலை மறந்துவிடும்.

மண் எடுப்பதில் இருந்த தடை ஓரளவு தளர்ந்திருக்கிறது. மண்பாண்டத் தொழிலாளரும் உழவரும் ஏரி, கண்மாய்களில் வட்டாட்சியர் அனுமதியோடு கட்டணமின்றி மண் எடுக்க 2024-ல் தமிழக அரசு வழிசெய்தது. மீதி ஊர்களின் கையில் இருக்கிறது. திருவிழாக் குழுக்கள் சிமெண்டுக்கு ஒதுக்கும் பணத்தைப் புரவியெடுப்புக்கு ஒதுக்க வேண்டும். திருப்பணி செய்வோர் பழைய தூண்களிலும் விதானங்களிலும் வண்ணம் பூசும் முன் தொல்லியல் அறிந்தவர்களைக் கேட்க வேண்டும். 1910-ல் தொடங்கப்பட்டுத் திருக்கோகர்ணத்தில் இயங்கும் அரசு அருங்காட்சியகம், சுடுமண் உருவங்களோடு அவற்றின் கதைகளையும் செய்முறையையும் வேளார்களின் குரலிலேயே பதிவுசெய்து வைக்க வேண்டும். பள்ளிப் பிள்ளைகளைத் திருமயத்துக்கு அழைத்துச் செல்லும் ஆசிரியர்கள், கோட்டையின் பீரங்கியைக் காட்டியபின் அந்தப் பாம்பின் தயக்கத்தையும் சொல்லிக்கொடுக்க வேண்டும்.

அடுத்த புரவியெடுப்புக்கு உங்கள் ஊர் கூடும்போது, பிடிமண்ணை வேளாரிடமே கொடுங்கள்.